நாலாவது இடத்துக்கு எறிந்த மூன்று பந்துகள்

என் ஓயாத தலையிடியே, என் தங்கத் தம்பி சசி,

அக்கா எழுதுகிறேன். கையெழுத்தைப் பார்த்துச் சிரிக்காதே. முன்பள்ளியில் பிள்ளைகளுக்கு எழுதிக் காட்டிக் காட்டி என் எழுத்தும் ‘அ, ஆ’ அளவுக்குப் பெருத்துவிட்டது. நம் விளையாட்டுக் கழகம் ஒரு மலர் போடுகிறதாம். உன்னைப் பற்றி ஒரு பக்கம் எழுதித் தரச் சொல்லிக் குகன் வந்து நின்றான். சசியைப் பற்றி என்னத்தை எழுத, சசிக்கே எழுதுகிறேன், ஊர் வாசிக்கட்டும் என்றேன். ஒரு பக்கத்தில் அடங்காது என்றும் அப்போதே சொல்லிவிட்டேன்.

முதலில் செய்தி. அம்பாறைக்குப் போய் விளையாடினோம். தோற்றுப்போனோம். இதைக் கடைசியில் வைத்தால் நீ நடுவில் ஒன்றும் வாசிக்காமல் கடைசிப் பக்கத்தைப் புரட்டுவாய், எனக்குத் தெரியாதா உன்னை? அதனால்தான் முதலிலேயே சொல்லிவிட்டேன். இனி ஒழுங்காக இருந்து கேள்.

நாலாவதாக, உன் இடத்தில், வேறொருவன் அடித்தான். அதை உனக்குச் சொல்லத்தான் இந்தக் கடிதமே.

கொஞ்சம் பொறு. இந்த மலர் கனடா வரைக்கும் போகும் என்கிறார்கள். எல்லே விளையாட்டு என்றால் என்னவென்று தெரியாத பிள்ளைகளும் வாசிப்பார்கள். அவர்களுக்கு இரண்டு வரி சொல்லிவிட்டு வருகிறேன். பக்கத்துக்குப் பதினாறு பேர். மூங்கில் பொல்லால் டெனிஸ் பந்தை அடித்துவிட்டு மைதானத்தைச் சுற்றி ஓட வேண்டும். அடித்த பந்தை எதிரணி ஏந்தினால் அவுட். ஓடும்போது பந்தால் உடம்பில் எறிந்து பட்டாலும் அவுட். வழியில் மூன்று தரிப்புகள் இருக்கும். முழுச் சுற்றும் ஓடி முடியாது என்று தெரிந்தால் ஒரு தரிப்பில் நின்றுவிடலாம். அவனுடைய ஓட்டம் அதோடு நின்றுவிடும், ஆனால் அவன் அவுட் இல்லை. அடுத்தவன் அடிக்க வருவான்.

இன்னும் ஒன்று. அடிக்கிறவனுக்குப் பந்து போடுகிறவன் எதிரணிக்காரன் இல்லை, நம்ம ஆள். ஆளுக்கு மூன்று பந்து. அடிக்கிறவனுக்கு எந்தப் பந்து பிடிக்கும் என்று பார்த்துப் போட்டுக் கொடுப்பதுதான் அவன் வேலை.

உனக்கு முதன்முதலாகப் பந்து போட்டவள் நான். அப்போது உனக்கு எட்டு வயது, எனக்குப் பன்னிரண்டு. பொல்லுக்குத் தென்னம்மட்டை, பந்துக்குக் குரும்பை. பாடசாலை விட்டு வந்து நான் சட்டை மாற்றும் முன்பே வாவிக்கரையில் போய் நின்று கூப்பாடு போடுவாய். எனக்கு எறியத் தெரியாது. எப்படிப் போட்டாலும் உன் கால் பக்கமாகத்தான் வரும். முதல் இரண்டையும் விட்டுவிட்டு, “மூணாவதையாவது ஒழுங்காப் போடன்கா!” என்று கத்துவாய். மூன்றாவதும் காலுக்குத்தான் வரும். நீ வேறு வழியில்லாமல் அதை இடப் பக்கமாக இழுத்து அடிப்பாய்.

அதுதான் பிறகு உன் அடி ஆனது. நம் மைதானம் வாவியை ஒட்டிக் கிடக்கிறது, அடிக்க நின்றால் இடது கைப் பக்கம் தண்ணீர். பந்து தண்ணீரில் விழுந்தால் அவுட், அடித்தவனே நீந்திப் போய் எடுத்து வரவும் வேண்டும் என்பது நம் ஊர்ச் சட்டம். அதனால் நம் ஊரில் ஒருவனுக்கும் இடப் பக்கம் அடிக்க வராது. டவுனுக்குப் போனால் அங்கே தண்ணீரும் இல்லை ஒன்றும் இல்லை, வெறும் புல்வெளி. அப்படியும் நம்மவர்கள் இடப் பக்கத்தில் முதலை கிடப்பது போல வலப் பக்கமே தள்ளுவார்கள். எதிரணிக்காரர்கள் இதைக் கண்டுபிடித்து, எல்லாரையும் வலப் பக்கத்தில் நிறுத்திவைத்து, ஒவ்வொருவராக ஏந்தி எடுப்பார்கள். வருசா வருசம் தோற்று வந்து நடுவரைத் திட்டுவோம்.

நீ பதினேழு வயதில் கழகத்துக்குள் வந்தாய். குகன் பந்து போட்டான், நீ நாலாவதாக அடித்தாய். அந்தப் புளியந்தீவுப் போட்டியை மறப்பேனா? ஆள் இல்லாத இடப் பக்கமாக நீ அடித்த பந்தை எடுக்க மூன்று பேர் ஓடினார்கள். அவர்கள் எடுத்துத் திரும்பும் முன் நீ சுற்றி வந்து சேர்ந்து, வேலியோரம் நின்ற என்னிடம் தண்ணீர் கேட்டாய். அவ்வளவு திமிர் உனக்கு. அன்றைக்கு நான் தொண்டை கட்டி இரண்டு நாள் பேசவில்லை, ஊருக்கே நிம்மதி என்று உன் அத்தான் சொன்னார்.

அம்மாவுக்கு உன் ஆட்டத்தில் ஆசை வந்தது வேறு காரணத்துக்காக. பொடியன்கள் வெளியே போனால் திரும்பி வருவார்களா என்று தெரியாத காலம். உன்னை ஆமிக்காரர்கள் பிடித்துப் போய்விடுவார்கள், அல்லது இயக்கத்துக்காரர்கள் பிடித்துப் போய்விடுவார்கள் என்று அம்மா வாசல் படலையிலேயே நின்று கால் வீங்கினா. நீ மைதானத்தில் இருந்தால் மட்டும்தான் அவவுக்கு நிம்மதி. நூறு பேர் பார்த்துக்கொண்டிருக்கும் இடத்தில் ஒருவனை யாரும் கொண்டுபோக முடியாது என்று நம்பினா. போர் நிறுத்தம் வந்த பிறகுதான் அயலூர்ப் போட்டிகளுக்கெல்லாம் உன்னை விட்டா. மாவட்ட அணித் தேர்வுக்கு வரச்சொல்லி உனக்குக் கடிதம் வந்ததும் அந்தக் காலத்தில்தான். தை மாதம் வா என்று எழுதியிருந்தது. நீ புதுப் பொல்லு ஒன்றை வெட்டி, பூச்சி அரிக்காமல் இருக்க வாவிச் சேற்றில் புதைத்து வைத்தாய்.

தைக்கு முந்தின அந்த ஞாயிற்றுக்கிழமையைப் பற்றி நான் எழுதப் போவதில்லை. கரைவலை இழுக்கக் கடற்கரைக்குப் போனாய். கடல் வந்தது. நானும் அம்மாவும் வாவிப் பக்கம் இருந்தோம், தோணியில் ஏறினோம். அவ்வளவுதான்.

பதினாறு பேரில் மூன்று பேர் போனார்கள். மற்ற இருவரையும் நாங்கள் கண்டெடுத்து அடக்கம் செய்தோம். உன்னை மட்டும் காணவில்லை. முப்பது நாள், நாற்பது நாள், ஆஸ்பத்திரி, பாடசாலை, கோயில் என்று எங்கேயெல்லாம் உடல்களை வைத்திருந்தார்களோ அங்கேயெல்லாம் போனேன். ஒவ்வொரு துணியாக விலக்கிப் பார்த்தேன். நீ இல்லை, நீ இல்லை என்று ஒவ்வொரு முறையும் சந்தோசப்பட்டேன். இப்படியும் ஒரு சந்தோசம் இருக்கிறதா என்று நீ கேட்டால், இருக்கிறது தம்பி.

உன் புதுப் பொல்லு மட்டும் சேற்றுக்குள்ளே அப்படியே கிடந்தது. வீடு போன பிறகு நாங்கள் இருந்த முகாமுக்கு அதைக் கொண்டுவந்தேன். அங்கே ஈரத்துணி போட்ட கொடி தாழ்ந்து தாழ்ந்து மண்ணைத் தொடும். ஒருநாள் பார்க்கிறேன், அம்மா அந்தப் பொல்லை எடுத்துக் கொடிக்கு முட்டுக் கொடுத்திருக்கிறா. எனக்கு வந்த கோபத்தில் ஏச வாய் திறந்தேன். அம்மாவின் முகத்தைப் பார்த்துவிட்டு மூடிக்கொண்டேன். இன்றைக்கும் புது வீட்டு முற்றத்தில் அது அந்த வேலையைத்தான் பார்க்கிறது.

அடுத்த சித்திரைக்குப் பொடியன்கள் போட்டி வைத்தார்கள். ஊர் ஒரு நாளாவது சிரிக்கட்டும் என்று வைத்தார்கள். அணிப் பெயர்களைக் குகன் தாளில் எழுதிக்கொண்டிருந்தான். எட்டிப் பார்த்தேன். மூன்று பெயரையும் வெட்டிப் புதுப் பெயர் எழுதியிருந்தான்.

“ஆரடா சசிட பேரை வெட்டின?”

“அக்கா, பதினாறு பேர் வேணும்கா. அதுதான்...”

“அவன் நாளைக்கு வந்து என்ட இடம் எங்க எண்டு கேட்டா என்னடா சொல்லுவ? அம்மாட முகத்தில முழிப்பியா நீ? இத அறிஞ்சா அம்மா செத்துப்போவா!”

குகன் தாளைக் கிழித்துப் புதிதாக எழுதினான். நாலாவது இடத்தில் உன் பெயர்.

ஆட்டம் தொடங்கியது. மூன்று பேர் அடித்து முடித்தார்கள். உன் பெயரைக் கூப்பிட்டார்கள். ஒருவரும் வரவில்லை. சனம் அடங்கிப்போனது. என்ன செய்வதென்று குகனுக்குத் தெரியவில்லை. வெறும் இடத்தைப் பார்த்து ஒரு பந்து போட்டான். அது மண்ணில் விழுந்து உருண்டது. இரண்டாவது போட்டான். மூன்றாவதும் போட்டான். பிறகு ஐந்தாவது ஆள் வந்தான். உன் பெயருக்கு நேரே ஓட்டம் என்றும் எழுதவில்லை, அவுட் என்றும் எழுதவில்லை, சும்மா ஒரு கோடு போட்டார்கள். எதிரணிக்காரர்கள் தொப்பியைக் கழற்றிக்கொண்டு நின்றார்கள்.

அது வழக்கமாகிவிட்டது. ஒவ்வொரு போட்டியிலும் நாலாவது முறை வந்ததும் மூன்று பந்து வெறும் இடத்துக்குப் போகும். நம் அணி பதினைந்து பேரோடுதான் ஆடியது. ஒன்றாலும் இரண்டாலும் தோற்ற ஆட்டங்கள் எத்தனை! ஒருவனும் வாய் திறந்து முறையிடவில்லை. நான் வேலியோரம் நின்று, என் தம்பியை இவர்கள் மறக்கவில்லை பார், என்று நெஞ்சை நிமிர்த்திக்கொள்வேன்.

இப்போது ஒன்று சொல்கிறேன், கோபிக்காதே. அதே வருசம் நான் உனக்கு மரண அத்தாட்சிப் பத்திரம் எடுத்தேன். வீடு இழந்தவர்களுக்குக் கொடுக்கிற புது வீட்டுக்குப் பெயர் எழுத அது வேண்டும் என்றார்கள். கிராம சேவகரிடம் சத்தியம் செய்து, நாலு தரம் அலைந்து, ‘இறந்துவிட்டார்’ என்ற இடத்துக்குக் கீழே நானே கையெழுத்து வைத்தேன். பேனை நடுங்கக்கூட இல்லை. கடதாசியில் உன்னைச் சாக விட்டுவிட்டு, மைதானத்தில் மட்டும் உயிரோடு வைத்திருந்தேன். இரண்டும் ஒரே ஆள் செய்த வேலை என்பது எனக்கே உறைக்கவில்லை. உனக்கு உறைத்ததா?

நடுவில் ஒரு சித்திரைக்குப் போட்டி நடக்கவில்லை. மறுபடி சண்டை மூண்டு, வாகரையிலிருந்தும் படுவான்கரையிலிருந்தும் சனம் இடம்பெயர்ந்து வந்தது. நம் மைதானம் முழுக்கக் கூடாரம். கடல் வந்தபோது நமக்கு முகாம் தந்தவர்களுக்கு நாம் செய்கிற முறை அது என்று ஊரே சோறு சமைத்துக் கொண்டுபோனது. கரடியனாற்றிலிருந்து வந்த ஒரு குடும்பத்தில் நேசன் என்று ஒரு பொடியன். சனம் திரும்பிப் போனபோது அவன் போகவில்லை. குகனின் தங்கச்சியைக் கட்டி, நம் பக்கத்து முறைப்படி பெண் வீட்டுக்கே மாப்பிள்ளையாக வந்துவிட்டான். நல்ல பிள்ளை. வாய் கொஞ்சம் கூட, உன்னைப் போல.

பிறகு சண்டை முடிந்தது, தம்பி. ஆம், முடிந்துவிட்டது. வடக்கில் எவ்வளவோ சனத்தைக் கொண்டுபோன பிறகு முடிந்தது. வானொலியில் அதைச் சொன்ன அன்றைக்கு அம்மா தேத்தண்ணீர் ஊற்றித் தந்துவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டா. “இனிப் பொடியனுகளப் பிடிக்க மாட்டாங்க தானே?” ஓமம்மா, என்றேன். அம்மா தலையை ஆட்டிவிட்டுப் படலையைப் பார்த்தா. யாருக்காகப் பார்க்கிறா என்று நான் கேட்கவில்லை.

பாதைகள் திறந்தன. காவலரண்கள் ஒவ்வொன்றாகக் கழன்றன. அம்பாறையிலிருந்து நம் கழகத்துக்கு அழைப்பு வந்தது, பெரிய சுற்றுப்போட்டி. பொடியன்கள் துள்ளின துள்ளல் இருக்கிறதே! ஆனால் கடிதத்தில் ஒரு நிபந்தனை. பதினாறு பேர், பதினாறு அடையாள அட்டை, பதினாறு பேரும் மைதானத்தில் வந்து நிற்க வேண்டும். பதினைந்து பேரோடு வருகிற அணியை எடுக்க மாட்டோம்.

ஒரு சனிக்கிழமை காலை குகனும் நேசனும் வந்தார்கள். நான் முற்றத்தில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தேன். அம்மா கொடியில் துணி போட்டுக்கொண்டிருந்தா. குகன் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு நெடுநேரம் செருப்பையே பார்த்தான்.

“என்னடா, செருப்பு கதைக்குதா?” என்றேன்.

“அக்கா... நாலாவது இடத்துக்கு நேசனப் போடுவமா எண்டு...”

சுளகை வைத்துவிட்டு எழுந்தேன். தம்பி, உன் அக்காவின் வாய் உனக்குத் தெரியும். என்னென்ன சொன்னேன் என்று எழுத இந்த மலரில் இடம் தர மாட்டார்கள். நேசனைப் பார்த்து, “நேத்து வந்தவன் நீ, உனக்கு என்ட தம்பிட இடம் கேக்குதோ?” என்றதை மட்டும் ஒப்புக்கொள்கிறேன். அவன் தலையைக் குனிந்து, “இல்லக்கா, நான் கேக்கல்ல. இடப் பக்கம் அடிக்க வேற ஆளில்ல எண்டு மச்சான்தான்...” என்றான். உண்மைதான். கரடியனாற்றில் வயலுக்கு நடுவில் விளையாடி வளர்ந்தவன், அவனுக்கு வாவிப் பயம் கிடையாது. அந்த உண்மையால் எனக்கு இன்னும் கோபம் வந்தது.

“எனக்கெண்டா நான் விடுவன்டா. அம்மாவ நினைச்சுப் பார்த்தியா? அவட உசிரே அந்த மூணு பந்திலதான் கிடக்கு!”

“ஆருக்குகா? எனக்கா?”

அம்மாவின் குரல். ஈரச் சீலையைத் தோளில் போட்டபடி வந்து நின்றா. அம்மா குரலை உயர்த்த மாட்டா என்பது உனக்குத் தெரியும். அன்றைக்கும் உயர்த்தவில்லை.

“நான் எப்பகா கேட்டன்? பொடியனுகள் ஆசையாச் செய்யிறாங்க, மறிக்கப்படாது எண்டு வாய மூடிட்டு இருந்தன். நான் ஏன் கிரவுண்டுப் பக்கம் வாறல்ல எண்டு ஒரு நாளாவது கேட்டியா புள்ள? சனமெல்லாம் கப்சிப் எண்டு அடங்கும். அடுப்படியில நிண்டாலும் எனக்குத் தெரிஞ்சிரும். ஒண்டு, ரெண்டு, மூணு எண்டு என்ட மனசு எண்ணும். ஒவ்வொரு சித்திரைக்கும் என்ட புள்ள மறுகா மறுகா வராமப் போறான்கா.”

குகன்தான் முதலில் பேசினான். “அம்மா, எங்களுக்கு விருப்பமெண்டு நாங்க செய்யல்ல. அக்காட மனசு நோகப்படாது எண்டுதான்...”

பார்த்தாயா கூத்தை? எனக்காக என்று அவர்கள் எறிந்தார்கள். அம்மாவுக்காக என்று நான் எறிய வைத்தேன். பொடியன்களுக்காக என்று அம்மா பொறுத்துக்கொண்டிருந்தா. ஒருத்தருக்கும் வேண்டாத ஒன்றை, ஒருத்தர் மனம் நோகக்கூடாது என்று இன்னொருத்தர், ஐந்து வருசமாகச் செய்துகொண்டு வந்திருக்கிறோம். நீ இருந்திருந்தால் விழுந்து விழுந்து சிரித்திருப்பாய். எனக்குச் சிரிப்பு வரவில்லை. தொடங்கி வைத்தவள் நான்தானே. வெட்கமாக இருந்தது.

“சரி, எழுதுங்கடா,” என்றேன். சொல்லிவிட்டுக் கிணற்றடிக்குப் போய் முகம் கழுவினேன். நேசனின் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

அதோடு முடிந்தது என்று நினைத்தேன். முடியவில்லை. நாலு நாள் கழித்துக் குகன் தனியாக வந்தான். “அக்கா, என்ட கை ஏலாது எண்டுது. மூணாவது ஆள் வரைக்கும் நல்லாப் போடுறன். நாலாவது எண்டதும் கை தன்பாட்டில மெதுவாப் போடுது, ஆளில்லாத இடத்துக்குப் போடுற மாதிரி. நேசனால அடிக்க முடியல்ல.” அவன் தன் கையைத் தூக்கி எனக்குக் காட்டினான், காய்ச்சல்காரன் வைத்தியருக்குக் காட்டுவது போல. “நீங்க ஒருக்கா வந்து போடுங்கக்கா. சசிக்கு நீங்கதானே போட்ட.”

பின்னேரம் போனேன். முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு நான் மைதானத்தில் இறங்க, நம் ஒழுங்கை வீடுகளின் சனமெல்லாம் வேலியில் வந்து தொங்கியது. நேசன் உன் இடத்தில் நின்றான். நீ நிற்பது போல இல்லை. அவன் காலை அகட்டி, வயல் வரம்பில் நிற்கிறவனைப் போல நின்றான். பதினாறு வருசத்துக்கு முன் நின்ற சின்னப் பிள்ளையை நான் அங்கே தேடவில்லை என்று பொய் சொல்ல மாட்டேன்.

முதல் பந்து. கை பழுதாகவில்லை, கால் பக்கமாகத்தான் போனது. அவன் தவறவிட்டான். இரண்டாவதும் தவறவிட்டான். “மூணாவதையாவது ஒழுங்காப் போடுங்கக்கா!” என்றான்.

அவனுக்கு யாரும் சொல்லிக் கொடுத்திருக்க முடியாது. அது அடிக்கிறவன் எல்லாரும் சொல்வதுதான். என் கை மட்டும் ஒரு கணம் நின்றது. பிறகு போட்டேன். இழுத்து அடித்தான். பந்து இடப் பக்கமாகப் பறந்து, கண்டல் மரத்துக்கு மேலால் போய், நடு வாவியில் தொப்பென்று விழுந்தது.

“அவுட்டுடா!” என்று கத்தினேன். “அவுட்! போ, நீந்திப் போய் எடுத்திட்டு வா!”

உன்னிடம் ஆயிரம் தரம் கத்தினது. அந்த இடத்தைப் பார்த்து அப்படிக் கத்தி ஐந்து வருசம். நேசன் சிரித்துக்கொண்டு சட்டையைக் கழற்றி எறிந்துவிட்டுத் தண்ணீருக்குள் இறங்கினான். நான் அப்படியே மண்ணில் குந்தியிருந்து அழுதேன். பிணங்களுக்கு நடுவில் அழாத அழுகை எல்லாம் அழுதேன். வேலியில் நின்ற பெண்கள் வரப் பார்த்தார்கள், குகன் மறித்துவிட்டான். நேசன் பந்தோடு வந்து சொட்டச் சொட்ட நின்று, “அக்கா, மறுகா மூணு பந்து போடுங்க,” என்றான். போட்டேன். இருட்டும் வரை போட்டேன், பக்கத்தில் நின்று குகனும் போட்டான். அவன் கைக்கு உயிர் வந்துவிட்டது.

அம்பாறைக்கு இரண்டு பஸ். பெரிய மைதானம், நாலு பக்கமும் புல். எதிரணி அந்த ஊர்ச் சிங்களப் பொடியன்கள், நல்ல உயரம், நல்ல கை. வழக்கம் போல எங்கள் ஆட்கள் மூன்று பேரும் வலப் பக்கம் தள்ளினார்கள், அவர்கள் ஏந்தினார்கள். நாலாவது பெயரைக் கூப்பிட்டார்கள். உன் பெயர் இல்லை. நேசன் இரண்டு பந்தை விட்டான், மூன்றாவதை இடப் பக்கம் அடித்தான். வெட்டவெளியில் பந்து போகிறது, போகிறது, அவன் ஓடுகிறான். முதல் தரிப்பு, இரண்டாம் தரிப்பு. நம் மைதானத்தில் அவனுடைய கூடாரம் இருந்தது இரண்டாம் தரிப்பில், அதனால் அதில் நிற்கத்தான் அவனுக்கு ஆசை என்று பொடியன்கள் பகிடி பண்ணுவார்கள். அன்றைக்கு அதையும் தாண்டிவிட்டான். பந்தை எடுத்தவன் கையை ஓங்குவதை நான் கண்டுவிட்டேன்.

“சசி! நில்லுடா! நில்லு!”

ஓம், உன் பெயரைத்தான் கத்தினேன். முழு மைதானத்துக்கும் கேட்டது. நம் ஆட்கள் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். நேசனுக்கும் கேட்டிருக்கும். அவன் மூன்றாம் தரிப்பில் போய் நின்றான். எறிந்த பந்து அவனுக்கு முன்னால் ஒரு முழத்தில் போனது.

நடுவர் கையை உயர்த்தவில்லை. அவுட் இல்லை. ஐந்தாவது ஆள் பொல்லை எடுத்துக்கொண்டு வந்தான், குகன் அவனுக்குப் பந்து போட்டான், ஆட்டம் தொடர்ந்தது. நான் மட்டும் அந்த மூன்றாம் தரிப்பையே பார்த்துக்கொண்டிருந்தேன். சின்ன வயதிலிருந்து தெரிந்த சட்டம்தான் இது. தரிப்பில் நின்றவன் அவுட் இல்லை, அடுத்தவன் அடிக்க வருவான். இத்தனை வருசமும் உன் இடத்தை இன்னொருவனுக்குக் கொடுத்தால் உன்னை அவுட் என்று சொன்னதாகிவிடும் என்றல்லவா பயந்தேன்? என் புத்தியை எங்கே கொண்டுபோய் வைத்திருந்தேன், தம்பி?

இரண்டு ஓட்டத்தால் தோற்றோம். பஸ்ஸில் பொடியன்கள் பாடிக்கொண்டு வந்தார்கள், வென்றவர்கள்கூட அப்படிப் பாட மாட்டார்கள். நேசன் என் இருக்கைக்குப் பக்கத்தில் வந்து நின்று, “அக்கா, நீங்க என்ன பேரைக் கூப்பிட்டாலும் எனக்குக் காரியமில்ல, ஆனா சரியான நேரத்தில கூப்பிட்டீங்க,” என்றான். அவனுக்கு நான் அன்றைக்குச் சொன்ன சொல்லுக்கு மன்னிப்புக் கேட்டேன். என் வாழ்க்கையில் நான் மன்னிப்புக் கேட்ட இரண்டாவது ஆள் அவன். முதல் ஆள் யாரென்று உனக்குத் தெரியும். உன் முதல் பொல்லை அடுப்பில் வைத்தது நான்தானே.

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் எல்லாம் சொன்னேன். கேட்டுக்கொண்டிருந்தா. “விழுந்தானா புள்ள?” என்று நேசனைப் பற்றிக் கேட்டா. இல்லையம்மா, நின்றான், என்றேன். “ம்,” என்றா. அடுத்த நாள் காலையில் கொடியிலிருந்து துணிகளை எடுத்துவிட்டு, உன் பொல்லைக் கழற்றித் துடைத்துப் பார்த்தா. இத்தனை மழைக்கும் வெயிலுக்கும் அது வெடித்துவிட்டது, இனி விளையாட்டுக்கு ஆகாது. திரும்பவும் கொடிக்கே முட்டுக் கொடுத்தா. அதன் வேலையை அது பார்க்கட்டும்.

இனி நான் உனக்குத் தருகிற வாக்கு இது. நாலாவது இடத்துக்கு இனிச் சும்மா பந்து போக விட மாட்டேன். அங்கே எப்போதும் ஒருவன் நிற்பான், அடிப்பான், வாவியில் விழுந்தால் நீந்துவான். வருகிற சித்திரைக்கு அம்மாவின் கையைப் பிடித்து மைதானத்துக்குக் கூட்டிக்கொண்டு வருவேன். நாலாவது ஆள் அடிக்கும்போது அம்மா பக்கத்தில் நின்று நானும் கத்துவேன், தொண்டை கட்டும் வரைக்கும். உன் பெயர் வாயில் வந்தால் அதையும் கத்துவேன், ஒருவனும் தடுக்க முடியாது.

நீ நின்ற தரிப்பிலேயே நில், தம்பி. உன்னை அவுட் என்று எவனாவது சொன்னால் அவனை என்னிடம் அனுப்பு.

உனக்கு முதல் பந்து போட்ட,
இன்னும் கால் பக்கமாகவே போடுகிற,
உன் அக்கா,
வசந்தி